அறுபத்திரண்டாம் சாவு

“தலைவரே! உங்க அம்மா வர்றாங்க!”

படக் கம்பெனியின் விளம்பர அதிகாரி குவிம்பி ஒப்பனை அறைக் கதவைத் தள்ளிக்கொண்டு வந்து முழங்கியபோது, தலைவர் சாம்பல் பருந்தின் இடக்கன்னத்தில் மட்டுமே செம்மண் ஏறியிருந்தது. வலக்கன்னம் வெளிறிப்போயிற்று.

“எந்த அம்மா?”

“ஒருத்தருக்கு எத்தனை அம்மாய்யா இருப்பாங்க? ஓக்லஹோமாவிலேர்ந்து, சாக்டாங்கிற செவ்விந்தியக் குலத்து அம்மா! பாதிரியாரை விட்டுக் கடுதாசி எழுதச் சொல்லியிருக்காங்க, கேளுங்க. ‘பதினாறு வயதில் என் மகன் வீட்டை விட்டுப் போனான். பெயரை மாற்றிக்கொண்டு உங்கள் படங்களில் நடிக்கிறான். கண் மூடுமுன் அவனைப் பார்க்க வருகிறேன். சலீனா பட்டீஸ்ட்.’ நம்ம கம்பெனியிலே ஓக்லஹோமாவிலே பொறந்த செவ்விந்தியர் உங்களை விட்டா வேற யாரு? மூணு மணிக்கு வர்றாங்க. எட்டுப் பத்திரிகைக்குச் சொல்லிட்டேன்!” கடுதாசியைத் தலைவர் கையில் திணித்துவிட்டுக் குவிம்பி ஓடினார்.

தலைவரைப் பெற்றவளோ அந்நேரம் ஃபிரெஸ்னோ ஊரில் திராட்சை உலர்த்திக்கொண்டிருந்தாள். தலைவரின் உண்மைப் பெயர் கரபெத் தெர்சியான். குலத்தால் ஆர்மீனியர். மூக்கு நீளம் என்ற ஒரே தகுதிக்காக இருபத்திரண்டு ஆண்டுகளுக்கு முன் தலையில் இறகு சூட்டப்பட்டவர். உடம்பில் பூசும் பொடிக்கும் ஆர்மீனியச் செம்மண் என்றே பெயர். அந்த வேடத்தில் உண்மை ஒட்டியிருந்த இடம் அது ஒன்றுதான்! குதிரையிலிருந்து விழுந்தும், கூரையிலிருந்து விழுந்தும், குன்றிலிருந்து உருண்டும் அறுபத்தொரு படங்களில் அவர் செத்திருக்கிறார். செத்துச் செத்தே சோறு கண்டவர். அறுபத்தொரு முறையும் அவரைச் சுட்டது ஒரே கை: வெள்ளைத் தொப்பி வீரன், நாடே கொண்டாடும் நாயகன் வார்டு கெண்ட்ரிக்கின் கை.

‘ஓக்லஹோமா தந்த குலத்தலைவர்’ என்று துண்டறிக்கை அச்சிட்டவரே இந்தக் குவிம்பிதான். பொய்யை எழுதுகிறவன் முதல் பதிப்பில் சிரிக்கிறான். பத்தாம் பதிப்பில் தானே நம்பிவிடுகிறான்!

அன்று மாலை ஐந்து மணிக்குக் கரபெத்தின் ஏழாண்டு ஒப்பந்தத்தில் முதலாளி கையெழுத்திட இருந்தார். விடிந்தால் தினக்கூலிக்கு ஆளெடுக்கும் வாசலில் போய் நிற்கும் அவலத்துக்கு அன்றோடு முடிவு. ஆனால், “அசலுக்குத்தான் ஒப்பந்தம், வேஷக்காரனுக்கு இல்லை” என்று முதலாளி அறுதியிட்டுச் சொல்லியிருந்தார். எட்டுப் பத்திரிகைகளின் முன்னே ஒரு மூதாட்டி “இவன் என் மகனில்லை” என்று சொன்னால் போதும். அறுபத்திரண்டாம் சாவு அசல் சாவாகிவிடும்.

கரபெத் பாதி முகத்தோடு வெளியே ஓடினார். நாற்பது வீரர்கள் இறகும் கோடரியுமாகக் கொட்டகை நிழலில் ரொட்டி தின்றுகொண்டிருந்தார்கள். நாயகனுக்குப் பெயர் பொறித்த நாற்காலி, துணை நடிகனுக்கு விசிப்பலகை, இறகு சூடியவனுக்குத் தரை. அதுதான் அங்கே மனுநீதி!

“கார்மெலோ, சாக்டா பாஷையிலே ‘அம்மா’வுக்கு என்னடா?”

“எனக்குச் சிசிலி பாஷைதாண்ணே தெரியும். அம்பு விடும்போது கத்துறேனே, அது எங்க ஊர்லே மீன் விக்கிற கூப்பாடு.”

“நீ?”

“ஹவாய்.”

“நீயாவது?”

“நான் சிரியாக்காரன். பாட்டன் மட்டும் கிரேக்கன்.”

“அடப்பாவிகளா! நாப்பது பேர்லே ஒருத்தன்கூடவா அசல் இல்லே?”

“குதிரைங்க அசல்ணே,” என்றான் கார்மெலோ.

ஓர் இனத்து மக்களை அவர்கள் மண்ணிலிருந்து விரட்டியது போதாதென்று, அவர்கள் வேடத்திலிருந்தும் விரட்டிவிட்ட விந்தை உலகம்! அப்போது கரபெத்தின் தோளில் ஒரு கை விழுந்தது.

வார்டு கெண்ட்ரிக்! படக்கருவி ஓடாத நேரத்தில் இருபத்திரண்டு ஆண்டுகளாக ஒரு சொல்லும் பேசாதவன்.

“பெரியவரே, அந்தக் கடுதாசி எங்கே?”

கரபெத் நீட்டினார். நாயகன் இரண்டு முறை படித்தான். முகத்தில் ஈயாடவில்லை.

“அந்தம்மா உங்க முகத்தைப் பாக்கவே கூடாது. நான் பாத்துக்கறேன்.”

“சார்… எனக்காகவா?”

“கேள்வி கேக்காதீங்க.”

அறுபத்தொரு முறை சுட்ட கை இன்று அணைக்கிறதே! கரபெத்தின் கண்ணீரில் இடக்கன்னத்துச் செம்மண்ணும் கரைந்தது.

தலைவருக்குக் கடுங்காய்ச்சல், சந்திப்பு இல்லை என்று நாயகன் குவிம்பிக்கு ஆளனுப்பினான். அரைமணியில் குவிம்பி குதித்துக்கொண்டு வந்தார்.

“ரயிலடிக்கே போய்ச் சொல்லிட்டேன் சார்! மகனுக்குக் காய்ச்சல்னதும் அந்தம்மா கண்ணுலே தண்ணி. அதையும் படம் எடுத்தாச்சு! மூணு மணி வரைக்கும் பொறுக்க மாட்டாங்களாம். ஒரு மணிக்கே வர்றாங்க, கஷாயத்தோட.”

“யோவ், உன்னை யாருய்யா போகச் சொன்னது?” என்று நாயகன் அலறினான். அந்த அலறலைக் கேட்டு ஒரு குதிரை கயிற்றை அறுத்துக்கொண்டது.

அடுத்த வழியையும் அவனே கண்டான். மாலையில் எடுக்கவேண்டிய சாவுக் காட்சியை ஒரு மணிக்கு எடுக்கும்படி இயக்குநரை மிரட்டி இணங்கவைத்தான்.

“குப்புற விழுந்து செத்துக் கிடங்க பெரியவரே. முகம் மண்ணோட இருக்கட்டும். படக்கருவி ஓடுறப்ப காட்சிக்குள்ளே எவனும் வர மாட்டான். அந்தம்மா தூரத்திலே நின்னு முதுகைப் பாத்துட்டுப் போயிடட்டும்.”

“நீங்க தெய்வம் சார்.”

“சீக்கிரமாச் சாவுங்க.”

ஒரு மணி. துப்பாக்கி வெடித்தது. கரபெத் குன்றிலிருந்து உருண்டு, புழுதியில் குப்புற விழுந்து செத்தார். இயக்குநர் ‘போதும்’ என்னும்வரை பிணம் அசையக் கூடாது. எறும்பு கடித்தாலும் அசையக் கூடாது. அது அந்தத் தொழிலின் தர்மம். நாயகன் பிணத்தின் தலைமாட்டில் நின்று நீதியைப் பற்றிய நீண்ட வசனத்தைத் தொடங்கினான்.

அந்நேரம் குவிம்பியின் குரல் கேட்டது.

“மகன் சாகுறதைத் தாய் பாக்குற காட்சி! இப்படி ஒரு படம் எவனுக்கய்யா கிடைக்கும்? போங்கம்மா, உள்ளே போங்க, உங்க பிள்ளைதான்!”

“யாருடா அது காட்சிக்குள்ளே?” என்று உதவியாளன் கத்தினான்.

“நிறுத்தாதே! ஓடட்டும்!” என்றார் இயக்குநர். “கிழவி நடையைப் பாருடா. அதை எவளாலே நடிக்க முடியும்?”

மண்ணில் முகம் புதைத்த கரபெத்துக்குக் கண்ணில்லை. காது மட்டுமே இருந்தது. கைத்தடி ஊன்றும் ஓசை நெருங்கியது. தலைமாட்டில் நாயகனின் வசனம் தடுமாறியது. “சட்டம்… இந்த மண்ணிலே சட்டம்…” அந்த நடுக்கத்தை நடிப்பென்று எண்ணிய இயக்குநர், “அற்புதம்! அற்புதம்!” என்று முணுமுணுத்தார்.

பழைய காலணி இரண்டு கரபெத்தின் காதருகே வந்து நின்றன. கஷாயம் மணத்தது. யாரோ பெற்ற பிள்ளைக்காக இரண்டு நாள் ரயிலில் வந்த தாயை இன்னும் ஒரு நொடி ஏய்க்கவும் அவர் மனம் ஒப்பவில்லை. ஒப்பந்தம் போனால் போகட்டும்! அறுபத்தொரு சாவிலும் பேசாத பிணம் முதன்முறையாக வாய் திறந்தது.

“அம்மா, மன்னிச்சுடுங்க. நான் உங்க பிள்ளை இல்லே.”

கைத்தடி அவர் முதுகை மெல்லத் தொட்டது.

“தெரியும்ப்பா. நீ மண்ணைத் தின்னாம படு.”

காலணிகள் அவரைச் சுற்றிக்கொண்டு நடந்து தலைமாட்டில் நின்றன. துப்பாக்கி ஒன்று புழுதியில் விழுந்தது. எட்டுப் பத்திரிகைப் படக்கருவிகளின் வெளிச்சம் ஒருசேர வெட்டிய அக்கணத்தில் மூதாட்டியின் குரல் அந்தத் திடல் முழுதும் அதிர்ந்தது:

“தொப்பியைக் கழட்டுடா! முடிக்கு மஞ்சச் சாயம் பூசிக்கிட்டா பெத்தவளுக்கு அடையாளம் தெரியாதா? நம்ம சனத்தைச் சுட்டுத் தள்ளவாடா உன்னைப் பெத்தேன்?”