பொற்கொடியின் வேலையை நான் நிரந்தரமாக்கியது

அன்பு மருமகள் பொற்கொடிக்கு, கீரமங்கலம் பூ மார்க்கெட்டிலிருந்து தாய்மாமன் ஆத்மநாதன் ஆசீர்வாதத்துடன் எழுதுவது. இங்கே நான், உன் அத்தை, புதுத் தராசு எல்லோரும் சௌக்கியம். உன் சௌக்கியம் தெரியவில்லை, நீ போனை எடுப்பதில்லை. அதனால் கடுதாசி.

மாற்றுத்திறன் பிள்ளைகளுக்குப் பாடம் சொல்லும் உன்னை லீவு விட்டதும் வீட்டுக்கு அனுப்பி, பள்ளிக்கூடம் திறந்ததும் மறுபடி ஒப்பந்தம் போடுகிறார்களே, இந்த வருஷம் கூப்பிடுவார்களோ மாட்டார்களோ என்று என் அக்கா, அதுதான் உன் ஆத்தா, அழுதது எனக்குப் பொறுக்கவில்லை. திங்கட்கிழமை மனு நாளில் புதுக்கோட்டை கலெக்டர் ஆபீசுக்கே போய்விட்டேன். வரிசை சித்தன்னவாசல் வரைக்கும் நின்றது. என்னைக் கண்டதும் எல்லோரும் மரியாதையாக ஒதுங்கினார்கள், தலையில் ஈரப் பூக்கூடை இருந்ததும் ஒரு காரணம். மனு வாங்கிய ஆபீசரம்மா, "டீச்சர்கிட்ட புள்ளைங்க எப்படிப் படிக்குதுங்க?" என்று கேட்டார். நீ என்னிடம் சொல்லியிருந்தது, இருளாண்டி என்ற பையன் ரெண்டு வருஷம் பழகி இப்போது சட்டைப் பொத்தானைத் தானே மாட்டுகிறான் என்பதுதான். ஒரு பொத்தானை வைத்து ஆபீசரை அசைக்க முடியுமா? அதனால் கொஞ்சம் சேர்த்துக்கொண்டேன்.

"இருளாண்டி சட்டையே தைக்கிறான்ம்மா! வாயே தொறக்காத சத்யா பட்டிமன்றத்துல பேசுது! அம்புட்டுப் புள்ளைகளும் சரியாயிருச்சு, ஒண்ணுகூட பாக்கியில்ல!"

அந்தம்மா பேனாவைக் கீழே வைத்து, "ரொம்ப சந்தோஷங்க" என்று என்னைக் கையெடுத்துக் கும்பிட்டார். அங்கே வேறு யாரையும் கும்பிடவில்லை, பியூனைக் கேட்டுப் பார். அதனால் வேலை நிரந்தரம் என்றே வைத்துக்கொள். ஆத்தாளிடமும் சொல்லிவிடு.

நீயும் மாப்பிள்ளையும் நோய்நொடி இல்லாமல் இருக்கவும், அதே பள்ளிக்கூடத்தில் நீ தலை நரைக்கும் வரை டீச்சராக இருக்கவும் அம்மனை வேண்டும்,
மாமன் ஆத்மநாதன்

பி.கு.: கும்பிட்ட கையோடு அந்தம்மா சொன்னதை எழுத விட்டுப்போச்சு. "எல்லாரும் சரியாயிட்டாங்கன்னா அங்கிட்டு டீச்சர் எதுக்குங்க? அந்த எடத்தை எடுத்துறலாம். வெள்ளிக்கிழமை நானே வந்து பாக்குறேன்." ஆகவே வெள்ளிக்கிழமை இருளாண்டி பொத்தானை மாட்டிக் காட்டட்டும். கடைசிப் பொத்தான் வரை அந்தம்மாவை எழுந்திருக்க விடாதே. நானும் வந்து வாயைத் திறக்காமல் நிற்கிறேன். அதற்கு உன் அத்தை பொறுப்பு, கூடவே வருகிறாள்.