சேலையூரில் ஹவாயும் ஹங்கேரியும்

பயம் வந்தால் மற்றவர்களுக்குக் கைகால் உதறும். எனக்குப் பெருமை பேச வரும். அப்படித்தான் நான் காதலித்த சாமுவேலின் அப்பா, "எங்க வீட்ல ஞாயித்துக்கிழமைன்னா போர்க்தான். உனக்குச் சமைக்க வருமாம்மா?" என்று கேட்டபோது, "சூப்பரா வரும் அங்கிள்" என்று சொல்லித் தொலைத்தேன். (அதுவரை பன்றியை நான் பீர்க்கன்கரணை ஏரிக்கரையில் உயிரோடு பார்த்ததோடு சரி.)

"அப்ப வர்ற ஞாயித்துக்கிழமை நீயே செய். சாப்பிட்டுட்டுக் கல்யாணத்தைப் பத்திப் பேசலாம்" என்றார்.

ரயில்வேயில் கார்டாக இருந்து ஓய்வு பெற்றவர். சிரித்து யாரும் பார்த்ததில்லையாம். எங்கள் வீட்டில் அழுது புரண்டு சம்மதம் வாங்கியாகிவிட்டது. இவர் ஒருத்தர் தலையாட்ட வேண்டும். ஆட்டாவிட்டால் சாமுவேலும் நானும் அவரவர் வழியைப் பார்த்துக்கொள்ள வேண்டியதுதான்.

அவர்கள் வீட்டுப் பக்குவத்தில் செய்தால் ஆண்டியின் (சாமுவேலின் அம்மா) சமையலோடு ஒப்பிட்டுவிடுவார்கள். யாருமே சாப்பிட்டிராத ஒன்றைச் செய்தால் குறை சொல்ல முடியாதே! பெருங்களத்தூர் பிரவுசிங் சென்டரில் உட்கார்ந்து தேடினேன். ஹவாய்க்காரர்கள் பன்றிக்கறியில் அன்னாசிப் பழம் போடுகிறார்கள். ஹங்கேரிக்காரர்கள் பாப்ரிகா என்று ஒரு மிளகாய்த்தூளைக் கரண்டி கரண்டியாகக் கொட்டுகிறார்கள். எதைச் செய்வது என்று முடிவெடுக்கப் பயந்து, இரண்டையும் சேர்த்துவிட்டேன்.

பாப்ரிகாவில் காரமே இருக்காது என்று அந்தப் பக்கத்தில் எங்காவது போட்டிருந்திருக்கும். நான் படிக்கவில்லை. மிளகாய்த்தூள் என்றால் மிளகாய்த்தூள்தானே என்று, அம்மா குண்டூர் மிளகாய் வாங்கி மிஷினில் அரைத்து வைத்திருந்ததைப் பொட்டலம் கட்டி எடுத்துப் போனேன்.

கறியை முந்தின நாளே அன்னாசியை அரைத்து அதில் ஊறவைக்கும்படி சாமுவேலிடம் சொல்லியிருந்தேன். மறுநாள் சேலையூரில் அவர்கள் வீட்டு அடுப்பில் வெங்காயத்தை வதக்கி, மூன்று பெரிய கரண்டி தூளைக் கொட்டினேன். நெடி கூடம் வரைக்கும் போனது.

"என்னம்மா, கரிஞ்சிடுச்சா?" என்று ஆண்டி இருமிக்கொண்டே கேட்டார்.

"இல்ல ஆண்டி, ஹங்கேரியில இப்படித்தான்."

அடுத்த பயம் புழு. சரியாக வேகாத பன்றிக்கறியிலிருந்து மூளைக்குள் புழு போய்விடும் என்று ஆபீஸ் தோழி வேறு கிளப்பி விட்டிருந்தாள். மாமனார் ஆகப் போகிறவரின் மூளையில் என்னால் புழுவா? விசில் மேல் விசிலாக விட்டேன். "வெந்திருக்கும், இறக்கிடும்மா" என்று ஆண்டி கெஞ்சினார். நான் கேட்கவில்லை. மூடியைத் திறந்தபோது குக்கருக்குள் சிவப்பாக ஜாம் மாதிரி ஏதோ கிடந்தது.

சாமுவேல் எட்டிப் பார்த்தான். "கறி எங்கடி?"

"உள்ளதான் இருக்கு."

"உள்ளன்னா எங்க?"

(அன்னாசிச் சாறு ராத்திரியெல்லாம் ஊறினால் கறியையே கரைத்துவிடும் என்பது பிற்பாடு தெரிந்தது. மிச்சத்தை விசில் முடித்துவைத்திருக்கிறது.)

அங்கிள் கண்ணை மூடி ஜெபம் செய்தார். நானும் மூடிக்கொண்டு, தெரிந்த சாமியையெல்லாம் கூப்பிட்டேன். அவர் ஒரு வாய் வைத்தார். முதலில் அன்னாசியின் இனிப்பு தெரிந்திருக்க வேண்டும். முகம் லேசாக மலர்ந்தது. அப்புறம் காது சிவந்தது, மூக்கு சிவந்தது, கண்ணிலிருந்து தாரை தாரையாகக் கொட்டியது. ஆண்டி சர்க்கரை டப்பாவைத் தேடி ஓடினார். சாமுவேலுக்கு விக்கல். எல்லாம் முடிந்துவிட்டது என்று நானும் அழுதேன். அந்த மேஜையில் காரம் இல்லாமல் அழுதவள் நான் மட்டும்தான்.

ஒரு சொம்புத் தண்ணீரைக் குடித்துவிட்டு அங்கிள் கேட்டார். "உண்மையைச் சொல்லும்மா. இதுக்கு முன்னாடி போர்க் சமைச்சிருக்கியா?"

"இல்ல அங்கிள்."

"சாப்பிட்டாவது இருக்கியா?"

"இல்ல அங்கிள்."

"அப்புறம் ஏம்மா எங்களை இந்தப் பாடு படுத்தின?"

"நீங்க என்னை வேணாம்னு சொல்லிடுவீங்களோன்னு பயமா இருந்துச்சு."

அவர் துண்டால் முகத்தைத் துடைத்தார். துடைத்துக்கொண்டே இருந்தார். துண்டை எடுத்தபோது சிரித்துக்கொண்டிருந்தார். "சரி, கல்யாணத்தை வச்சுக்கலாம். ஆனா ஒண்ணு. இந்த வீட்டு அடுப்பை மட்டும் நீ தொடவே கூடாது."

இன்றைக்கும் வீட்டில் ஜெபக் கூட்டம் நடந்தால் ஒவ்வொருவராக எழுந்து சாட்சி சொல்வார்கள். காய்ச்சலிலிருந்து பிழைத்தது, லாரியில் அடிபடாமல் தப்பியது. கடைசியில் மாமா எழுந்து, "மருமக சமைச்ச அந்த ஞாயித்துக்கிழமையிலேர்ந்து என்னைக் காப்பாத்தின கர்த்தருக்கு ஸ்தோத்திரம்" என்பார். எல்லோரும் என்னைப் பார்த்துக்கொண்டே ஆமென் சொல்வார்கள். எல்லோரையும்விடச் சத்தமாகச் சொல்வது நான்தான். எங்கள் தெருவில் ஞாயிற்றுக்கிழமை அடுப்படிக்குப் போகாமல் உட்கார்ந்து சாப்பிடும் மருமகள் நான் ஒருத்திதான்.