மெழுகுத் தொட்டிலைத் தூக்கிக் காட்டிய விஷயமாக

ராயபுரம்

அன்புள்ள சம்பந்தி அருளப்பன் அவர்களுக்கு, தாமஸ் எழுதிக்கொள்வது. மாதா புண்ணியத்தில் எண்ணூரில் எல்லாரும் சுகமாயிருக்க வேண்டுகிறேன். இங்கே நானும் சுகம் என்று எழுதத்தான் பேனாவை எடுத்தேன், வெட்கத்தில் கை வரவில்லை.

வேற்றூரில் கோயிலுக்குள் குண்டு வெடித்ததிலிருந்து எங்கள் கோயில் வாசலிலும் பை சோதனை. துறைமுக கேட்டில் காலமெல்லாம் லாரி சோதித்தவன் என்று அந்த வேலையை என் தலையில் கட்டினார்கள். எனக்கும் பயம்தான் சம்பந்தி, பூசையில் முட்டி போட்டிருந்த சனம் செத்ததைக் கேட்டதிலிருந்து தூக்கமில்லை. அதனால் ஒரு பையையும் விடவில்லை. பாட்டுக் குழுத் தலைவரின் இருமல் மருந்துப் பாட்டிலில் இருந்தது இருமலுக்கு ஆகாத சரக்கு, உபதேசியார் பையில் பல்செட், வியாகுலம்மாள் பையில் கருவாடு, பாதி சனம் எனக்குப் பயந்து வேறு கோயிலுக்குப் போகத் தொடங்கியது, நானோ அதையும் கடமைக்குக் கிடைத்த மரியாதை என்றே நினைத்தேன். போன ஞாயிறு வரிசையில் ஷைனி வந்தாள். சொந்த மருமகளை விட்டால் நாலு பேர் நாலு விதமாகப் பேசுவார்களே என்று அவள் பையையும் திறந்தேன். துணியில் சுற்றி நூல் கட்டிய ஒன்று. அவிழ்த்து, எல்லாரும் பார்க்கத் தூக்கிப் பிடித்து, "இன்னாம்மா இது?" என்றேன். மெழுகுத் தொட்டில். பிள்ளை வரம் கேட்டு மாதாவுக்கு வைக்க, உங்கள் மருமகன் ஜெரால்டுக்குக்கூடச் சொல்லாமல் வாங்கி வந்திருக்கிறாள்.

வியாகுலம்மாள் சும்மா இருப்பாளா. "இன்னா தாமஸு, குண்டு தேடறன்னு உன் வூட்டு வெசனத்த ஊருக்கே காட்டிக்கினு கீற" என்றாள். ஷைனி அழவில்லை. "குடுங்க மாமா, பின்னால ஆளுங்க நிக்கிறாங்க" என்று வாங்கிக்கொண்டு, கோயிலுக்குள்ளும் போகாமல், நேரே உங்கள் வீட்டுக்கு வந்துவிட்டாள். ஜெரால்ட் என் முகத்தைப் பார்ப்பதில்லை. என் வீட்டுக்காரி ரோசி சோறு மட்டும் வைக்கிறாள்.

குண்டு வைப்பவன் வருவானோ என்று பயந்ததில் தப்பில்லை. வேண்டுதலோடு வந்த பெண்ணை அவன் இடத்தில் நிறுத்தினேனே, அதை நினைத்தால் கூசுகிறது. சோதனை வேலையை விட்டுவிட்டேன். இனி எவர் சாமானையும் நோண்ட மாட்டேன். ஷைனியை அனுப்பி வையுங்கள். வியாகுலம்மாள் முன்னால் மன்னிப்புக் கேள் என்றாலும் கேட்கிறேன்.

உங்கள் வீட்டுக்கு மாதா துணை இருக்கட்டும்.

தலை குனிந்த உங்கள் சம்பந்தி,
தாமஸ்

பி.கு.: ஷைனி கேட்ட பெட்டியை இத்துடன் கொடுத்தனுப்புகிறேன். பூட்டை நான் தொடவே இல்லை. குலுக்கி மட்டும் பார்த்தேன். உள்ளே ஏதோ உருண்டது. என்னவென்று நான் கேட்கவில்லை. அவளாகச் சொன்னால் நிம்மதி.