தோபியாவின் நாய் குறித்த விசாரணை

மக்களுக்கு வேதத்தை அவர்கள் தாய்மொழியிலேயே கொடுத்த அரசர்கள் உலகில் சிலர் உண்டு. கொடுத்த வேதத்தை மக்கள் படித்துவிடாமல் காப்பாற்றவும் செய்தவர் எங்கள் இங்கிலாந்து அரசர் ஒருவர்தான். அந்த இரட்டைக் கருணை மேற்குக் கோடியில் கிடக்கும் பிரம்பிள்டன் வரைக்கும் வந்து சேர்ந்தது என்றால், நிர்வாகத்தின் கை எவ்வளவு நீளம் என்று வியக்காமல் இருக்க முடியாது.

பிரம்பிள்டன் கோயிலின் பொறுப்பாளர் ஆம்ப்ரோஸ் டாப்பர். சொந்தமாக ஆட்டு மந்தை உள்ளவர். எழுதப் படிக்கத் தெரியாது. ஆனால் அரசாணை என்றால் உயிர். ஆணை வந்ததும் தொப்பியைக் கழற்றிவிட்டுத்தான் கேட்பார்.

முதல் ஆணை சில வருடங்களுக்கு முன் வந்தது. கோயில் சுவர்ப் படங்களைப் பார்த்துப் பார்த்து மக்கள் 'மூடர்களாகி' விட்டார்களாம். ஆகவே படங்களைச் சுண்ணாம்பு அடித்து மறைத்துவிட்டு, ஆங்கிலத்தில் ஒரு வேதபுத்தகம் வாங்கி வைக்க வேண்டும். இனி மக்கள் வாசித்து அறிவு பெறட்டும். ஆம்ப்ரோஸ் தானே ஏணியில் ஏறி அடித்தார். புனித கிறிஸ்தோபரின் இடது பாதம் மட்டும் மூன்று பூச்சுக்கும் மசியாமல் எட்டிப் பார்த்தது. நாலாவது பூச்சில் அதுவும் 'சீர்திருந்தியது'.

புத்தகமும் வந்தது. கன்றுக்குட்டி கனம். யாரும் தூக்கிக்கொண்டு போய்விடாதபடி மேசையோடு சங்கிலி போட்டார்கள். மக்கள் வாசித்து அறிவு பெறுவதில் ஒரே ஒரு சிறு தடைதான் இருந்தது. ஊரில் யாருக்கும் வாசிக்கத் தெரியாது.

ரொட்டிக்கடை சிசிலிக்கு மட்டும் தெரியும். இறந்துபோன அவள் புருஷன் லண்டன்காரன். அடுப்பு சூடேறும் வரை சும்மா உட்கார்ந்திருக்க முடியாமல் அவளுக்கு எழுத்துச் சொல்லிக் கொடுத்திருந்தான். ஞாயிறுதோறும் ஹ்யூ சாமியாரின் லத்தீன் பூசை முடிந்ததும், முழங்கையில் மாவோடு அவள் புத்தகத்தின் முன் போய் நிற்பாள். நாற்பது வருடமாகப் பூசையில் கண்ணை மூடிப் பழகிய ஊர் முதல் முறையாக விழித்துக்கொண்டது.

அப்படித்தான் தோபித்தின் கதை வந்தது. கண் தெரியாத கிழவர் தோபித்து, தன் ஒரே மகன் தோபியாவைத் தூரதேசத்துக்கு ஒரு வேலையாய் அனுப்புகிறார். வழித்துணைக்கு ஓர் அந்நியன். கூடவே வீட்டு நாயும் கிளம்பிவிடுகிறது.

"நாயுமா?" என்றார்கள் ஊரார்.

"எழுதியிருக்கு. 'நாயும் அவர்களோடு போனது'ன்னு."

அன்றிலிருந்து அது ஊர் நாய் ஆகிவிட்டது. திரும்பி வரவேண்டிய நாள் கடந்தது. மகன் வரவில்லை. தாய் அன்னா, "என் பிள்ளை செத்துப்போச்சு" என்று அழுதாள். தினமும் போய்ப் பாதையோரம் உட்கார்ந்து, அவன் போன வழியைப் பார்த்துக்கொண்டிருந்தாள்.

"அடுப்புல ரொட்டி கருகிடும். மிச்சம் அடுத்த ஞாயித்துக்கிழமை" என்று சிசிலி புத்தகத்தை மூடினாள்.

அந்த வாரம் ஆம்ப்ரோஸ் சரியாகச் சாப்பிடவில்லை. காரணம் ஊருக்கே தெரியும். அவர் மகன் பியர்ஸ் கம்பளி மூட்டைகளோடு கடல் தாண்டி ஃபிளாண்டர்ஸுக்குப் போயிருந்தான். கிறிஸ்துமஸுக்குள் வந்திருக்க வேண்டியவன். ஈஸ்டரும் போய்விட்டது. அதைப் பற்றி ஆம்ப்ரோஸ் யாரிடமும் பேசுவதில்லை. தோபியாவைப் பற்றி மட்டும் எல்லோரிடமும் பேசினார்.

அடுத்த ஞாயிறுக்குள் இரண்டாவது ஆணை வந்துவிட்டது. மக்கள் வேதத்தை 'அளவுக்கு மீறிப்' புரிந்துகொள்கிறார்கள் என்று மேலிடத்துக்குத் தெரிந்துவிட்டதாம். ஆகவே இனிமேல் பெண்கள், கைத்தொழிலாளிகள், வேலைக்காரர்கள், உழுபவர்கள், மேய்ப்பவர்கள் ஆகியோர் இந்தப் புத்தகத்தை வாசிக்கக் கூடாது. உயர்குடி ஆண்கள் வாசிக்கலாம். அதுவும் வாய்க்குள்ளேயே.

ஆணையைக் கொண்டுவந்த சேவகனே அதை வாசித்து முடித்தான். ஆம்ப்ரோஸ் பித்தளைப் பூட்டு ஒன்றை வாங்கி வந்து, அரசர் மீதுள்ள பக்தியோடு பூட்டினார்.

அன்று மதியமே கோயிலில் கூட்டம் கூடியது. பொருள்: 'வாசிக்கத் தகுதியும் வாசிக்கத் திறமையும் ஒருங்கே உள்ள நபரைக் கண்டறிதல்'.

"சிசிலி, மிச்சக் கதை உனக்குத் தெரியுமில்ல? வாயால சொல்லிடேன். சொல்லக் கூடாதுன்னு ஆணையில இல்லையே" என்றார் ஆம்ப்ரோஸ்.

"எனக்கு எப்படித் தெரியும் அண்ணே? முன்கூட்டியே படிச்சு வெச்சுக்கிட்டு உங்களை ஏமாத்துறவளா நான்? உங்களோட சேர்ந்துதான் நானும் படிச்சேன்."

"சாமி, லத்தீன்ல இதே கதை இருக்கணுமே?"

ஹ்யூ சாமியார் மோவாயைத் தடவினார். "இருக்கும்பா, இருக்கும். நாப்பது வருஷமா மனப்பாடமா ஓதுறேன். உச்சரிப்புல ஒருத்தன் குத்தம் சொன்னதில்ல. அர்த்தத்தைப் பத்தி யாரும் கேட்டதுமில்ல. நாய் வந்த மாதிரி ஞாபகம் இல்லையே."

கடைசியில், ஊரில் ஒரே உயர்குடியான பெல்லாமி துரையிடம் போவது என்று ஏகமனதாகத் தீர்மானமானது. துரை மறுக்கவில்லை. வேட்டைக் காலணியோடு வந்து நின்றார். ஆம்ப்ரோஸ் பூட்டைத் திறந்தார். துரை ஒரு பக்கத்தைப் பார்த்தார். அடுத்த பக்கத்தைப் பார்த்தார். ஆழ்ந்து தலையசைத்தார்.

"பையன் வந்துட்டானா துரை?"

"இந்த எழுத்து ரொம்பப் பெரிசா இருக்குய்யா. என் கண்ணு சின்ன எழுத்துக்குப் பழகினது" என்று சொல்லிவிட்டு, வேட்டைக்கு நேரமாகிறது என்று கிளம்பினார்.

இவ்வாறு பிரம்பிள்டனில் சட்டம் முழுமையாக அமலுக்கு வந்தது. வாசிக்கத் தெரிந்தவளுக்கு அனுமதி இல்லை. அனுமதி இருந்தவருக்கு வாசிக்கத் தெரியவில்லை. இத்தனை ஒழுங்கு நாட்டில் வேறெந்த ஊரிலும் இருந்திருக்காது.

வெயில் காலம் வந்தபோது, ஆணை எப்படி நிறைவேறுகிறது என்று பார்க்க ஓர் ஆய்வாளர் வந்தார். பெயர் ஜெர்வஸ் ஹாலோவே. நல்ல குடும்பம், நல்ல குதிரை. பூட்டை இழுத்துப் பார்த்தார். சங்கிலியைத் தட்டிப் பார்த்தார். வெறும் வெள்ளைச் சுவரைப் பார்த்து மகிழ்ந்தார்.

"பிரமாதம் டாப்பர்! படமும் இல்ல, படிப்பும் இல்ல. ஒரு கோயில்னா இப்படித்தான் இருக்கணும்."

ஆம்ப்ரோஸ் தொப்பியைக் கையில் வைத்துத் திருகினார். ஊரே பின்னால் நின்றது.

"ஐயா, உங்களுக்கு வாசிக்க அனுமதி இருக்குங்களா?"

"எனக்கு இல்லாம?"

"வாசிக்கவும் தெரியுங்களா?"

"என்னய்யா கேள்வி இது!"

"அப்ப ஒண்ணே ஒண்ணு மட்டும் சொல்லிடுங்க. அந்த நாய் என்னாச்சு?"

"எந்த நாய்?" என்றார் ஹாலோவே.

பதினேழு ஊர்களில் இந்தப் புத்தகத்தைப் பூட்டிவிட்டு வந்த மனிதர், மக்கள் முகத்தைப் பார்த்தார். யாரும் சிரிக்கவில்லை. அவருக்குத்தான் என்னவோ போல் ஆகிவிட்டது.

"திற" என்றார். "வாய்க்குள்ளதான் வாசிப்பேன். யாரும் எதிர்பார்க்க வேணாம்."

சிசிலி பத்தடி தள்ளி நின்று, பக்கத்தை மட்டும் சொன்னாள். ஹாலோவே நின்றபடி வாசித்தார். இரண்டு பக்கம் தாண்டியது. துரை வீட்டில் அவருக்காகச் சுட்ட வாத்து ஆறிக்கொண்டிருந்தது. அவர் தொப்பியைக் கழற்றி மேசையில் வைத்தார். ஊர் அவர் முகத்தையே பார்த்தது. ஆய்வாளரின் முகத்தை வாசிக்கக் கூடாது என்று எந்த ஆணையிலும் இல்லை.

ஓரிடத்தில் அவர் புருவம் சுருங்கியது. தூரத்தில் யாரோ வருவதைப் பார்ப்பவர் போல் கழுத்தை நீட்டினார். பிறகு அவருக்கே தெரியாமல் வலது கை கீழே இறங்கியது. முழங்கால் உயரத்தில், காற்றை மெல்லத் தட்டிக் கொடுத்தது.

"நாய் வந்துடுச்சு!" என்றாள் சிசிலி.

"நாய் முன்னால ஓடி வந்தா, பையன் பின்னாலயே வரான்" என்று யாரோ கத்தினார்கள். ஹ்யூ சாமியாரே கைதட்டிவிட்டார். ஆம்ப்ரோஸ் மட்டும் சத்தம் போடவில்லை. தொப்பியால் முகத்தை மூடிக்கொண்டு அழுதார். மகன் வராத இத்தனை மாதத்தில் அவர் அழுதது அன்றுதான்.

ஹாலோவே திடுக்கிட்டுக் கையைப் பின்னால் கட்டிக்கொண்டார். "யார் சொன்னது? நான் ஒரு வார்த்தை பேசினேனா?"

"இல்லீங்கய்யா. சட்டப்படிதான் நடந்துக்கிட்டீங்க" என்றாள் சிசிலி.

புத்தகம் மறுபடி பூட்டப்பட்டது. 'இவ்வூரில் யாரும் வாசிக்கவில்லை. பக்தி பெருகியுள்ளது' என்று ஹாலோவே அறிக்கையில் எழுதினார். இரண்டு வாக்கியமும் உண்மை.

சாயங்காலம் அவர் குதிரை மேட்டுப் பாதையில் ஏறியபோது, வழியோரக் கல்லில் ஆம்ப்ரோஸ் உட்கார்ந்திருந்தார். துறைமுகத்திலிருந்து வரும் பாதை அது. ஹாலோவே குதிரையை நிறுத்தினார்.

"இங்க என்னய்யா பண்றே?"

"பையன் வர்ற வழிங்க. இத்தனை நாளா இந்தப் பக்கம் பார்க்கவே பயமா இருந்துச்சு. இன்னிக்குத்தான் தைரியம் வந்தது."

ஹாலோவே கடிவாளத்தைச் சும்மா தடவிக்கொண்டிருந்தார். போகலாமா வேண்டாமா என்று அவருக்கே தெரியவில்லை.

"ஒண்ணு கேக்கலாங்களா?" என்றார் ஆம்ப்ரோஸ். "லண்டன்ல இந்த ஆணையைப் போட்ட பெரியவங்க எல்லாம் இதை வாசிச்சிருப்பாங்கதானே?"

"அவங்களுக்கு நேரம் ஏது டாப்பர்? உங்களைக் காப்பாத்தவே சரியாப் போயிடுது."

"எதுகிட்ட இருந்துங்க?"

ஹாலோவே ஒரு முறை கோயிலைத் திரும்பிப் பார்த்தார்.

"அந்த நாய்கிட்ட இருந்துதான்" என்றார்.