மடுல்சீமைச் சுவரில் என் தலையங்கம்

மடுல்சீமைக் கடைவீதி,
27.2.1965

'ஊவா முழக்கம்' வார இதழின் ஆசிரியரும் என் மகள் மரியகொரட்டியின் கணவருமாகிய யேசுரத்தினத்துக்கு மாமன் இராசையா வரைவது. இங்கு தொண்டை ஒன்றைத் தவிர யாவும் நலம். அங்கு மகள் நலத்தையும் அச்சுப்பொறியின் நலத்தையும் ஒரே மூச்சில் கேட்பதற்கு அவள் சினந்தால், இரண்டும் நான் பெற்றவையே என்று சொல்லி ஆற்றவும்.

மாப்பிள்ளை, வெள்ளையர் ஆண்ட காலத்தில் பேனாவும் அவர் போனபின் ஒலிபெருக்கியும் பிடித்தவன் நான். சென்ற தேர்தலில் ஒன்பது வாக்கில் தோற்றேன். இம்முறை ஒன்றையும் சிந்தவிடேன் என்று சூளுரைத்து, பதுளைத் துணிவணிகர் மஹ்ரூபின் மகிழுந்தில் மலையேறினேன். அது பாதிவழியில் படுத்துக்கொள்ள, மீதியை அட்டைகளுக்குக் குருதிக்கொடை அளித்தவாறு நடந்து வந்து, தேயிலைத் தொழிற்சாலை முன்றிலில் ஒன்றரை மணிநேரம் முழங்கினேன். ஆயிரம் பேர் திரண்டனர். கரவொலி மலையை உலுக்கிற்று. மேடையை விட்டு இறங்கியபோது மஹ்ரூப் என் காதருகே வந்து, இந்த ஆயிரம் பேரில் வாக்குள்ளவர் பதினொருவரே, ஏனையோர் குடியுரிமை இல்லாதவர், அப்பதினொருவரும் ஒரே லயத்து வரிசைவீடுகளில் இருக்கின்றனர் என்று அமைதியாகத் தெரிவித்தார். இதை மேடை ஏறுமுன் சொல்லலாகாதா என்றேன். "நீங்க மைக்கப் புடிச்சா யாரு ஐயா குறுக்க பேசுற?" என்றார்.

லயத்துக்கு விரைந்தோம். நேசராணி என்னும் கொழுந்து பறிக்கும் பெண்ணின் ஒற்றையறைக் காம்பராவில் பதினொருவரும் கூடியிருந்தனர். கம்பளி விரித்து அமரச் செய்து, சாயத்தேநீரும் கருப்பட்டியும் தந்தனர். சன்னலற்ற அறை, சுவரெங்கும் கஞ்சிப்பசையால் ஒட்டிய பழைய செய்தித்தாள், அதன்மேல் அடுப்புப்புகை. தோட்டத்தாரின் கல்வி குறித்து நான் கவலை தெரிவிக்கவே, நேசராணி எழுந்து, தம் வீட்டில் மூன்று தலைமுறை எழுத்துக்கூட்டிப் படித்தது இந்தச் சுவரில்தான் என்று கூறி, சேலைத்தலைப்பால் ஓரிடத்தைத் துடைத்து, விரல் வைத்துப் படிக்கலானார்: "எழுத்தறியா ஏழையர் கையில் வாக்குச்சீட்டு ஈவது, குரங்கின் கையில் பூமாலை ஈவதன்றி வேறென்னை?"

மாப்பிள்ளை, என் செவி செய்த தீவினை கேளும். கருத்தை விட்டுவிட்டு நடையில் மயங்கினேன். ஆகா, என்ன செறிவு, என்ன செம்மை, இதை யாத்தவன் நாவில் தமிழ்த்தாய் குடியிருக்கிறாள் என்று தொடையில் தட்டிப் பாராட்டிவிட்டேன். மஹ்ரூப் தீக்குச்சி உரசிச் சுவரோரம் பிடித்தார். 'ஊவா முழக்கம், 1930, ஆசிரியர் ச. இராசையா.' எல்லார்க்கும் வாக்குரிமை என்ற பேச்செழுந்த நாளில் நான் தீட்டியது. துரைமாரின் உர விளம்பரமே அன்று நம் இதழின் உயிர்நாடி என்பதைத் தாங்கள் அறிவீர்.

குச்சி அணைந்தது. நம் தொழிலின் தொல்வழக்கப்படி, அது அச்சுக்கோப்போர் செய்த பிழை என்றேன்.

"ஒரு பக்கம் முழுக்கவா ஐயா தப்பாக் கோத்துட்டாரு?" என்றார் நேசராணி.

அனைவரும் நகைத்தனர், வருத்தமென்னவெனில், மஹ்ரூபும் நகைத்தார். சரி, அக்கருத்தை இன்று மறுத்து இங்கேயே ஒரு மணிநேரம் உரையாற்றுகிறேன் என்றேன். நேசராணி என் கோப்பையை எடுத்துக்கொண்டே, "பேசுனத செவுத்துல ஒட்ட முடியாதுங்களே. அன்னிக்கு எழுதுனது தப்புன்னு நீங்களே பேப்பர்ல போடுங்க. அதே அளவு எழுத்துல. அது மேலயே ஒட்டிக்கிறோம். அப்பறம் பதினோரு ஓட்டும் ஒங்களுக்குத்தான்" என்றார்.

ஆகவே அடுத்த இதழின் முதற்பக்கத்தில், 'பிழை பொறுக்க' என்னும் தலைப்பிட்டு, கிடங்கிலுள்ள மிகப் பெரிய எழுத்தால் இவ்வாறு கோக்கவும்: "முப்பத்தைந்து ஆண்டுகட்கு முன் யான் எழுதியது தவறு. எழுத்தறியார் என்று யான் இகழ்ந்தவர், அவ்விகழ்ச்சியைக் கொண்டே எழுத்தறிந்தனர். ச. இராசையா." ஒரு சொல்லையும் குறைக்கற்க. நாணம் வேண்டா; தன் பிழையைத் தானே அச்சேற்றும் ஆசிரியனே ஆண்மையுடையவன். ஊவா மாகாணம் முழுதும் படிக்கட்டும்.

மகளுக்கும் தங்கட்கும் ஆண்டவர் அருளும், அச்சுப்பொறிக்கு மையும் குறைவின்றிக் கிடைப்பதாக.

அன்பு மாமன்,
ச. இராசையா

பின்குறிப்பு: மேலே கண்டதை ஒரே ஒரு படி மட்டும் அச்சிட்டுச் சுவருக்கு அனுப்பினால் போதும். பதுளை நகரத்துப் பெரியவர்கள் பார்க்கும் படிகளில் அவ்விடத்தில் உர விளம்பரமே இருக்கட்டும். அவர்களிடமும் எனக்கு வாக்குண்டு. நாளைக் காலைப் பேருந்தில் பதுளை மருத்துவமனைக்கு வரும் நேசராணியிடமே இதைக் கொடுத்தனுப்புகிறேன். இக்கடைவீதியில் உறை கிடைக்கவில்லை, வெறுமனே மடித்திருக்கிறேன். அஞ்சற்க, தோட்டத்துப் பெண், இதையெல்லாம் பிரித்துப் படிக்கவா போகிறார்.