ஒரு கண்ணு வெச்சிக்கங்க

அன்றைக்குப் பொம்மையார்பாளையம் விடுதி முற்றத்தில் இருந்தவர்கள்: நான், கோவிந்தன், முகையூரில் கோயில்களுக்குச் சுதைச் சிலை செய்பவன். என் மனைவி தனம், சிமென்ட் குழைப்பவள். ஓவியர் ரேவதி. யானைக்கால் போட்ட மீன். இறக்கை முளைத்த ஆமை. வயிற்றில் மரம் வளர்ந்த மாடு. இன்னும் பதினாலு.

எல்லாம் ரேவதி மனதில் இருந்த உலகத்து ஜீவன்கள். அவர் தாளில் வரைவார், நான் சிமென்டில் எழுப்புவேன். இருபது வருடமாக நந்தியும் குதிரையும் செய்தவன் நான். அளவு பிசகினால் திட்டு விழும். இங்கே பிசகுவதுதான் அளவு. ஆமைக்கு இறக்கை வைத்த அன்று எனக்குச் சோறு இறங்கவில்லை. அவ்வளவு சந்தோஷம்.

வாசல் பலகையில் என் பெயரும் வரும் என்றார். கோயிலில் டியூப் லைட் கொடுத்தவர் பெயர்கூட இருக்கும். சிலை செய்தவன் பெயர் இருக்காது.

மாலை ஐந்து மணிக்குத் திறப்பு. பலகை வாங்கக் காலையிலேயே திண்டிவனம் போன ரேவதி, வழியில் போன் செய்தார்.

"அண்ணா, மாடு கீடு வந்து உரசும். நான் வர்ற வரைக்கும் எல்லாத்து மேலயும் ஒரு கண்ணு வெச்சிக்கங்க."

எதற்குமே கண் இல்லாததை நானும் கவனித்திருந்தேன். எங்கள் வேலையில் கண் கடைசியில்தான். தனத்திடம் சொன்னேன்.

"ஒரு கண்ணா? ரெண்டு இல்ல?"

"ஒண்ணுன்னுதான் சொன்னாங்க."

"மீனுக்கு யானைக்காலு கேட்டவங்க, ஒத்தக் கண்ணு கேக்க மாட்டாங்களா? ஜல்தி வெய்யிய்யா."

வெள்ளை எனாமல், கறுப்பு எனாமல். கை பறந்தது. மாட்டுக்கு மட்டும் இமை மயிரும் போட்டேன் (யாரும் கேட்கவில்லை).

ரேவதி வந்தார். பதினேழு கண்ணும் அவரைப் பார்த்தன.

"இன்னாண்ணா இது?"

"கண்ணு. நீங்க சொன்னது."

"பாத்துக்கினு இருங்கன்னு சொன்னேண்ணா."

பலகையைத் திருப்பிக் காட்டினார். 'கண்ணில்லா உலகம்'. அதன் கீழே, 'சிலை: கோவிந்தன்'.

எனாமல் காய்ந்துவிட்டது. சுரண்டினால் முகமே பெயர்ந்து வரும். மணி நாலரை.

"பிரஷ் குடுங்க" என்றார். கொடுத்தேன். என் பெயரை அழிக்கப்போகிறார் என்று தெரிந்தது. தனம் பேசினாள்.

"அந்தப் பேரு மட்டும் இருக்கட்டும்மா. சொந்தக்காரங்க பஸ் ஏறிட்டாங்க."

ரேவதி அவளைப் பார்த்தார். மாட்டின் இமை மயிரைப் பார்த்தார். சிரித்துவிட்டார். என் பெயருக்குக் கீழே எழுதினார்: 'கண் வைத்தவரும் இவரே.'

முகையூரிலிருந்து வந்தவர்கள் சிலையைப் பார்க்கவில்லை. பலகையைத்தான் படித்தார்கள். போட்டோ எடுத்து வாட்ஸ்அப்பில் போட்டார்கள்.

அதிலிருந்து நான் யார் வீட்டு விசேஷத்துக்குப் போனாலும், சாப்பிட்டுக் கிளம்பியதும் வாசலில் திருஷ்டிப் பூசணிக்காய் உடைக்கிறார்கள். "மாமா கண்ணு வெச்சவராச்சே" என்கிறார்கள். தனம் கணக்கு வைத்திருக்கிறாள்.

இதுவரை ஒன்பது.