டிலே மாமாவின் பன்னிரண்டு நாள்

பம்பாயில் கெடு தாண்டிப்போனவர்களுக்கெல்லாம் ஒரே புகலிடம் டிலே மாமாதான். அறுபதுகளில் மாதுங்காவில் ஒரு வக்கீலிடம் அவர் குமாஸ்தா, நான் டைப்பிஸ்ட். கோர்ட்டில் அப்பீலுக்குக் கெடு உண்டு. தாண்டினால், தாண்டிய ஒவ்வொரு நாளுக்கும் காரணம் எழுதி மனு போட வேண்டும். அதில் மாமா சூரர்; 'டிலே' என்ற பட்டமும் அதனால்தான். அவர் மட்டும் எதற்கும் ஒரு நிமிஷம் லேட்டானதில்லை.

மற்ற ஆபீஸ்களில் எல்லாத் தாமதத்துக்கும் ஒரே வியாதிதான், டைபாய்டு. மாமா அதைத் தொடமாட்டார். முன்பொரு தடவை டைபாய்டில் கிடந்ததாக எழுதிக் கொடுத்த கட்சிக்காரர், அதே வாரம் கல்யாணப் பந்தியில் பாயசம் குடிக்கிற போட்டோவை எதிர்த்தரப்பு வக்கீல் நீட்டிவிட்டாராம். அதிலிருந்து நிஜம்தான் எழுதுவார், அதுவும் நாள்வாரியாக.

அந்தப் பழக்கம் என்னையும் விடவில்லை. ஒருநாள் பன்னிரண்டு நிமிஷம் பிந்திப் போனேன்.

"ரயில் எட்டு நிமிஷம் லேட், சரி. மிச்சம் நாலு?"

"ஸ்டேஷன் வாசல்ல காபி குடிச்சேன், மாமா."

"காபிக்கு ரெண்டு போறும். இன்னும் ரெண்டு?"

காபி ஆறவில்லை என்று நான் வாக்குமூலம் கொடுத்த பிறகுதான் விட்டார்.

ஒரு மழைக்காலத் திங்கட்கிழமை தாராவியிலிருந்து புஷ்பம் வந்தாள். திருநெல்வேலிப் பக்கத்துக்காரி, புருஷன் இல்லை, மூன்று பிள்ளைகள். குடியிருந்த அறையைக் காலி செய்யச் சொல்லித் தீர்ப்பாகியிருந்தது. நகல் கைக்கு வந்து, முப்பது நாள் கெடுவும் முடிந்து, அதற்கு மேல் பத்து நாள் ஓடியிருந்தது. அப்பீல் நிற்காவிட்டால் நாலு பேரும் தெருவில்தான்.

"இத்தனை நாள் எங்கேம்மா வச்சிருந்தே?"

"வேதபொஸ்தகத்துக்குள்ளதான்யா. சீல் வச்ச தாளு, பத்திரமா இருக்கட்டும்னு வச்சேன். எனக்கு வாசிக்கத் தெரியாதுல்லா. எம்பொஸ்தகம் பெரிய எழுத்து. அதான் உபதேசியாரு ஆராதனைக்கு வாங்குவாவ. நேத்துத்தான் தாளு கீழ விழுந்துட்டு. அவியதான் வாசிச்சுச் சொன்னாவ."

"முந்தின ஞாயித்துக்கிழமை ஏன் விழலை?"

"அத உபதேசியாருகிட்டதான்யா கேக்கணும்," என்றாள் புஷ்பம். மாமா குடையை எடுத்துக்கொண்டு தாராவிக்குக் கிளம்பிவிட்டார். உபதேசியாரைப் பிடிக்க முழங்கால் தண்ணீரில் இரண்டு நாள் அலைந்து, பதிலோடு திரும்பினார். முந்தின ஞாயிறுகளில் வாசித்தது புஸ்தகத்தின் நடுவிலிருக்கிற சங்கீதம். தாள் இருந்தது கடைசிப் பக்கங்களில், இந்த ஞாயிறுதான் அவர் திறந்த வெளிப்படுத்தின விசேஷத்தில்!

பிரமாதம். ஆனால் பத்து இப்போது பன்னிரண்டாகிவிட்டது.

வக்கீல் தலையில் அடித்துக்கொண்டார். "மழையில ரயில் நின்னுதுன்னு போடும், ஓய்!"

"ரயில் ஓடித்தே, சார்."

கடைசி இரண்டு நாளுக்குக் குமாஸ்தாவே பொறுப்பு என்று மாமா சொல்லச் சொல்ல, நான் டைப் அடித்தேன். அவர் கையெழுத்துப் போட்டார்.

கோர்ட்டில் எதிர்த்தரப்பு வக்கீல் அந்த இரண்டு நாளைத்தான் பிடித்துக்கொண்டார். குமாஸ்தாவின் அலட்சியத்தைக் கோர்ட் எப்படி மன்னிக்கும் என்று குதித்தார். நீதிபதி மாமாவைக் கூப்பிட்டார். இங்கிலீஷில் ஆரம்பித்த மாமா பாதியில் தமிழுக்கு வந்துவிட்டார்.

"இருபத்தாறு வருஷத்துல இதான் முதல் தடவை. தப்பு என்னோடது. அதுக்கு இவ வீட்டை எடுத்துண்டுடாதீங்கோ."

நீதிபதிக்குத் தமிழ் தெரியாது. ஆனாலும் கொஞ்ச நேரம் மாமாவையே பார்த்தார். பிறகு பன்னிரண்டு நாளையும் மன்னித்து அப்பீலை எடுத்துக்கொண்டார். அது முடிகிறவரை புஷ்பத்தை யாரும் கிளப்பக் கூடாது என்றும் உத்தரவு போட்டார்.

வெளியே வந்ததும் புஷ்பம் என்னிடம், "செயிச்சிட்டோம்லா? பெறகு குமாஸ்தா ஐயா எதுக்கு அழுதாவ?" என்றாள்.

 மாமா கையிலிருந்த கேஸ்கட்டை வாங்கிக்கொண்டு ஸ்டேஷன்வரை அவரோடு நடந்தேன். அப்பா போன பிறகு நான் ஒருவரோடு அப்படி ஒட்டிக்கொண்டு நடந்தது அன்றைக்குத்தான்.